ஜப்பானின் 'அவளும் அவளும்' கதைகள்: ஆங்கிலத்துக்கு வரும் வழியில் காணாமல் போவது என்ன?

1957ஆம் ஆண்டு, ஜப்பானின் பிரபல எழுத்தாளர் யோஷியா நோபுகோ ஒரு மகளைத் தத்தெடுத்தார். அப்போது அவருக்கு வயது 61. 'மகள்' மொன்மா சியோவும் ஐம்பதைத் தாண்டியவர். இருவரும் 30 ஆண்டுகளுக்கும் மேலாக ஒன்றாக வாழ்ந்துகொண்டிருந்தவர்கள். சியோ முன்பு டோக்கியோவில் ஒரு பெண்கள் பள்ளியில் கணித ஆசிரியை. பிறகு நோபுகோவின் செயலாளர், வீட்டு நிர்வாகி, பயணத் துணை, எல்லாமே அவர்தான்.

எதற்கு அந்த வயதில் தத்து? காரணம் ரொம்ப சிம்பிள். இரண்டு பெண்கள் கல்யாணம் செய்துகொள்ள ஜப்பானியச் சட்டத்தில் இடம் இல்லை. ஆனால், வயது வந்த ஒருவரைத் தன்னைவிட மூத்தவர் தத்தெடுக்கத் தடை இல்லை. தொழிலுக்கு வாரிசு வேண்டும் என்று வணிகக் குடும்பங்கள் வளர்ந்த ஆண்களைத் தத்தெடுப்பது அங்கே பழைய வழக்கம். அந்தச் சந்து வழியாகத்தான் இந்த இருவரும் சட்டப்படி ஒரே குடும்பம் ஆனார்கள். 1923இல் சந்தித்தவர்கள், 1973இல் நோபுகோ இறக்கும்வரை பிரியவில்லை. கணக்குப் போட்டால் 50 ஆண்டு.

இந்த வாழ்க்கையைத் தெரிந்துகொண்டு, அதே நோபுகோ எழுதி ஆங்கிலத்தில் கிடைக்கிற 'யெல்லோ ரோஸ்' கதையைத் திறந்தால் ஒரு குழப்பம் வரும். ஏனென்றால், கதையில் வரும் இரண்டு பெண்களும் சேர்வதில்லை. ஒருத்திக்குக் கல்யாணம் ஆகிறது. இன்னொருத்தி கடல் தாண்டிப் போய்விடுகிறாள். எழுதியவர் பிரியாமல் வாழ்ந்தார், எழுதப்பட்டவர்கள் பிரிந்தார்கள். ஆங்கிலம் வழியாக வரும் வாசகருக்குப் பெரும்பாலும் இரண்டாவது மட்டும்தான் கண்ணில் படுகிறது.

ஜப்பானில் பெண்ணைக் காதலிக்கும் பெண்கள் பற்றிய சிறுகதைகள் நூறு ஆண்டுகளுக்கும் மேலாக எழுதப்படுகின்றன. ஆனால் ஆங்கிலத்தில் அந்த அலமாரி ஒல்லியானது. அதைவிடச் சிக்கல், அந்த ஒல்லி அலமாரியிலும் எது முதலில் வந்தது, எது கடைசியில் வந்தது என்பது. தமிழ் வாசகருக்கும் இது அந்நிய விவகாரம் இல்லை. முரகாமியும் கவாபாட்டாவும் தமிழுக்கு வந்தது பெரும்பாலும் ஆங்கிலத்தின் தோளில் ஏறித்தான். ஆங்கிலம் எதை விட்டதோ, அது இங்கும் வந்து சேராது.

முதலில் வந்தது ஆண்கள் எழுதியது

ஜப்பானியப் பெண்களின் காதலைப் பற்றி ஆங்கிலத்தில் அதிகம் படிக்கப்பட்ட இரண்டு புத்தகங்களை எழுதியவர்கள் ஆண்கள். ஒன்று, நோபல் பரிசு பெற்ற கவாபாட்டா யசுனாரியின் 'பியூட்டி அண்ட் சேட்னெஸ்'. 1960களின் தொடக்கத்தில் தொடராக வந்த இந்த நாவல், 1975இலேயே ஆங்கிலத்தில் கிடைத்தது. இன்னொன்று, தனிஸாகி ஜுனிசிரோவின் 'குயிக்சாண்ட்'. ஜப்பானில் 1928 முதல் 1930 வரை தொடராக வந்தது, 1990களில் ஆங்கிலத்துக்கு வந்தது. இரண்டையும் மொழிபெயர்த்தவர் ஹோவர்ட் ஹிபெட்.

இரண்டுமே நல்ல எழுத்து, அதில் சந்தேகம் இல்லை. 'குயிக்சாண்ட்' கதையை, ஒசாகாவைச் சேர்ந்த கல்யாணமான பெண் ஒருத்தி, ஓர் எழுத்தாளரிடம் தன் வாயால் சொல்வதுபோல் தனிஸாகி அமைத்திருப்பார். மூலத்தில் அது ஒசாகா பெண்களின் வட்டார வழக்கு. மதுரைத் தமிழில் ஒருத்தி மூச்சுவிடாமல் தன் கதையைச் சொன்னால் எப்படி இருக்கும், அப்படி. ஆங்கிலத்தில் அது பொதுவான ஆங்கிலமாகிவிட்டது. அதை மொழிபெயர்ப்பாளரின் தப்பு என்று சொல்ல முடியாது, வேறு வழியும் பெரிதாக இல்லை.

பிரச்சினை வேறு இடத்தில் இருக்கிறது. இரண்டு நாவலிலும் பெண்ணைக் காதலிக்கும் பெண் ஓர் ஆபத்து. ஒன்றில் அவள் பழிவாங்க ஆணை மயக்குகிறாள். இன்னொன்றில் சுற்றியிருக்கும் எல்லோரையும் தன் வலைக்குள் இழுத்துப்போட்டு, சாவு வரை கூட்டிப்போகிறாள். படிக்க விறுவிறுப்பாக இருக்கும். ஆனால் இதை மட்டும் படித்த ஒருவர், 'ஜப்பானில் இந்த மாதிரிக் காதல் என்றாலே விஷம்தான் போல' என்று முடிவு கட்டினால் அவரைக் குறை சொல்ல முடியாது. அவர் கையில் கிடைத்தது அவ்வளவுதான்.

கவாபாட்டா பற்றி இன்னொரு விஷயமும் உண்டு. 1937–38இல் சிறுமியர் இதழ் ஒன்றில் அவர் பெயரில் 'ஒதோமே நோ மினாதோ' என்ற தொடர்கதை வந்தது. 'கன்னியர் துறைமுகம்' என்று வைத்துக்கொள்ளலாம். யோகஹாமாவில் ஒரு மிஷன் பள்ளியில் படிக்கும் பெண்களுக்கு இடையிலான நேசம்தான் கதை. அந்தக் காலத்துப் பெண்கள் விழுந்து விழுந்து படித்தார்கள். அதன் மூலப் பிரதியை எழுதியவர் நகஸாதோ சுனேகோ என்ற பெண் எழுத்தாளர் என்பதும், கவாபாட்டா திருத்திக்கொடுத்துத் தன் பெயரில் வெளியிட்டார் என்பதும் பிற்பாடு ஆய்வாளர்கள் உறுதிசெய்த செய்தி. இந்த நகஸாதோ சாதாரண ஆள் இல்லை. ஜப்பானின் பெரிய இலக்கியப் பரிசான அகுதகவா பரிசை வாங்கிய முதல் பெண். அவர் எழுதினார், பெயர் இன்னொருவருக்குப் போனது. இந்த அலமாரியின் வரலாற்றை ஒரே சம்பவத்தில் சொல்லச் சொன்னால் இதைச் சொல்லிவிடலாம்.

'எஸ்' என்றால் என்ன?

20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஜப்பானில் பெண்களுக்கான உயர்நிலைப் பள்ளிகள் வேகமாகப் பெருகின. ஊர் விட்டு ஊர் வந்து விடுதியில் தங்கிப் படிக்கும் பெண்கள். அவர்களுக்கென்றே மாத இதழ்கள். அங்கே சீனியர் மாணவிக்கும் ஜூனியர் மாணவிக்கும், சில சமயம் மாணவிக்கும் இளம் ஆசிரியைக்கும் இடையே உருவாகும் தீவிரமான பிரியத்துக்கு 'எஸ்' என்று பெயர். 'சிஸ்டர்' என்ற ஆங்கிலச் சொல்லின் முதல் எழுத்து. கடிதம் எழுதுவது, பூ கொடுப்பது, ஒருத்தி வேறு யாரிடமாவது நெருங்கினால் நாள்கணக்கில் அழுவது, இதெல்லாம் அதன் அடையாளங்கள்.

பள்ளியும் வீடும் இதை ஓரளவுக்குப் பொறுத்துக்கொண்டன. காரணம், பெருந்தன்மை இல்லை, கணக்கு. ஆண்களுடன் பேசுவதைவிட இது 'ஆபத்து இல்லாதது'. அப்புறம், படிப்பு முடிந்ததும் எப்படியும் கல்யாணம் ஆகிவிடும், எல்லாம் தானாகத் தீர்ந்துவிடும். தீராதபோது என்ன ஆகும் என்பதையும் அந்தச் சமூகம் பார்த்தது. 1911இல் நீகாதா பகுதியில், பெண்கள் பள்ளியில் ஒன்றாகப் படித்த இரண்டு தோழிகள் கடலில் சேர்ந்தே உயிரை விட்டார்கள். பத்திரிகைகள் அதைப் பக்கம் பக்கமாக எழுதின. அதன்பிறகுதான் 'இது வெறும் பாசமா, வேறு ஏதாவதா' என்ற விவாதமே பொதுவெளிக்கு வந்தது.

யோஷியா நோபுகோ 1916இல், இருபது வயதில், 'ஹனா மோனோகதாரி' என்ற தொடரை எழுத ஆரம்பித்தார். 'மலர்க் கதைகள்'. மொத்தம் 52 கதைகள், ஒவ்வொன்றுக்கும் ஒரு பூவின் பெயர். 1924 வரை தொடர்ந்தது. இன்றைய வார்த்தையில் சொன்னால், தாறுமாறான ஹிட். பிற்காலத்தில் ஜப்பானில் அதிகம் சம்பாதித்த எழுத்தாளர்களில் ஒருவராக ஆனார். முடியைக் குட்டையாக வெட்டிக்கொண்டார், சொந்தமாக வீடு கட்டினார், பந்தயக் குதிரை வைத்திருந்தார், சியோவுடன் ஐரோப்பா போய்ப் பாரிஸில் மாதக்கணக்கில் தங்கினார். அப்படிப்பட்ட ஒருவருடைய எழுத்து ஆங்கிலத்தில் கிடைப்பது இன்றைக்கும் கைவிரல் எண்ணிக்கைதான்.

'யெல்லோ ரோஸ்', அதாவது மஞ்சள் ரோஜா, அந்த 52இல் ஒன்று. பாஸ்டன் பல்கலைக்கழகப் பேராசிரியர் சாரா ஃப்ரெடெரிக் மொழிபெயர்த்தார். பெரிய பதிப்பகம் எதுவும் இல்லை. சின்ன மின்னூலாக 2010களில் வெளிவந்தது. எழுதப்பட்டு ஏறத்தாழ 90 ஆண்டுகள் கழித்து.

கதை இதுதான். படிப்பை முடித்த கையோடு ஓர் இளம்பெண், வீட்டின் கல்யாணப் பேச்சிலிருந்து தப்பித்து, வெளியூர்ப் பெண்கள் பள்ளிக்கு ஆசிரியையாகப் போகிறாள். ரயில் பயணத்தில் ஒரு மாணவியைச் சந்திக்கிறாள். அந்தப் பெண்ணின் அடையாளமாக ஒரு மஞ்சள் ரோஜா. பிரியம் வளர்கிறது. கிரேக்கக் கவிஞர் சாஃபோவைப் பற்றி ஆசிரியை சொல்கிறாள். 1920களில் ஒரு சிறுமியர் இதழில் இந்தப் பெயர் வருவது சாதாரண விஷயம் இல்லை. சேர்ந்து வெளிநாடு போய்ப் படிக்கும் கனவு பிறக்கிறது. அதற்குள் மாணவிக்கு மாப்பிள்ளை பார்த்துவிடுகிறார்கள். சம்மதிக்க வைக்கும்படி பெற்றோர் கேட்பது யாரிடம்? அந்த ஆசிரியையிடமே.

ஆசிரியை, மாணவி என்ற அந்த ஏற்றத்தாழ்வு இன்றைய வாசகரை நெளியவைக்கும். நெளியட்டும், நியாயமான நெளிவுதான். ஆனால் அந்தப் பெற்றோர் வந்து நிற்கும் இடத்தைக் கவனிக்காமல் தாண்டக் கூடாது. தன் ஆசைக்கு எதிராகத் தானே தூது போக வேண்டிய நிலை. இதில் வில்லன் யாரும் இல்லை. பெற்றோர் மரியாதையாகத்தான் பேசுகிறார்கள். அந்த மரியாதைதான் கழுத்தை நெரிக்கிறது.

நோபுகோவின் மொழிநடை இன்னொரு தலைவலி. ஒரே அலங்காரம், ஆச்சரியக்குறிகள், வாக்கியத்தின் பாதியில் வந்து நிற்கும் புள்ளிகள். ஆங்கிலத்தில் அப்படியே வைத்தால் மிகை நாடகம் மாதிரி இருக்கும் என்று பலர் கை வைக்கவே பயந்தார்கள். ஆனால் அந்தப் புள்ளிகள் அலங்காரத்துக்காக மட்டும் வைக்கப்பட்டவை இல்லை. சொல்ல முடியாத வார்த்தை வரும் இடத்தில்தான் அவை வருகின்றன. அச்சில் ஏற்ற முடியாததைப் புள்ளி வைத்துக் காட்டினார், படித்த பெண்கள் அதை நிரப்பிக்கொண்டார்கள். அவற்றை வெட்டி 'கச்சிதமான' ஆங்கிலமாக்கினால் கதையின் பாதி போய்விடும்.

அப்படியானால் எல்லாக் கதையும் ஏன் பிரிவில் முடிகிறது? கல்யாணத்துக்கு முன்பு மட்டும் அனுமதிக்கப்பட்ட ஒரு பாசத்தைப் பற்றி, பெற்றோர் காசு கொடுத்து வாங்கும் இதழில் எழுதும்போது, வேறு முடிவை அச்சிட முடியாது. பிரிவுதான் அந்தக் கதைகளுக்கான நுழைவுச்சீட்டு. நோபுகோவுக்கு இது தெரியாமல் இல்லை. 1925இல் 'கருப்பு ரோஜா' என்ற பெயரில் தனக்கென்று ஒரு சிறு பத்திரிகையே நடத்திப் பார்த்தார். சில மாதங்கள்தான் ஓடியது.

'அது வெறும் ஃப்ரெண்ட்ஷிப்தானே?'

இந்தக் கேள்வி எல்லா விமர்சனக் கட்டுரையிலும் ஏதாவது ஒரு மூலையில் வரும். 'எஸ்' உறவை லெஸ்பியன் என்று சொல்லலாமா, இன்றைய அடையாளத்தை அன்றைய பெண்கள்மேல் ஒட்டுவது சரியா என்று கேட்பார்கள். கேள்வியில் கொஞ்சம் நியாயம் உண்டு. அன்று அந்தப் பெண்கள் தங்களை அப்படி அழைத்துக்கொள்ளவில்லை. ஆனால் ஓர் ஆணும் பெண்ணும் கடிதம் எழுதி, பூ கொடுத்து, பிரிவில் சாப்பிடாமல் கிடந்தால் அதைக் காதல் கதை என்று சொல்ல யாரும் ஆதாரம் கேட்பதில்லை. இரண்டு பெண்கள் என்றதும் மட்டும் ஆதார் கார்டு கேட்கிறார்கள். எழுதியவர் 50 ஆண்டு ஒரு பெண்ணோடு குடும்பம் நடத்தியவர் என்ற தகவல் கையில் இருக்கும்போது, 'பள்ளிப் பருவத்து மயக்கம்' என்று கதையை ஒதுக்குவதை எச்சரிக்கை என்று சொல்ல முடியாது. அது வசதி.

போருக்குப் பிறகு ஆணும் பெண்ணும் சேர்ந்து படிக்கும் பள்ளிகள் வந்ததும் 'எஸ்' கலாசாரம் மங்கியது. கதைகள் மங்கவில்லை. இடம் மாறின. 1987இல் மட்சுவுரா ரியேகோ 'நேச்சுரல் வுமன்' என்ற பெயரில் ஒன்றோடொன்று இணைந்த மூன்று கதைகளை வெளியிட்டார். பள்ளி இல்லை, பூ இல்லை. உடம்பும் ஆசையும் அதிகாரமும் பற்றி வளர்ந்த பெண்கள் நேருக்கு நேர் பேசுகிறார்கள். ஆனால் ஆங்கிலத்தில் மட்சுவுராவின் பெயரைக் கொண்டுவந்த புத்தகம் அது இல்லை. ஒரு பெண்ணின் கால் பெருவிரல் திடீரென்று ஆணுறுப்பாக மாறிவிடும் கதையைச் சொல்லும் நாவல். மைக்கேல் எம்மெரிக் மொழிபெயர்ப்பில் 2009இல் வந்தது. சிரித்துக்கொண்டே படிக்கலாம், ஆழமும் உண்டு. இருந்தாலும் 'ஜப்பான் என்றால் விசித்திரம்' என்ற பழைய ரசனைக்குத் தோதான தேர்வு என்று தோன்றாமல் இருக்காது. அதை வெளியிட்ட கோடன்ஷா இன்டர்நேஷனல் 2011இல் மூடப்பட்டது.

ஒரே ஒரு தொகுப்பு

ஆங்கிலத்தில் இந்தக் கதைகளைத் தேடித் தேடித் திரட்டிய முழுத் தொகுப்பு என்றால், 2008இல் வந்த 'ஸ்பார்க்ளிங் ரெய்ன்' தான். பெண்களை நேசிக்கும் ஜப்பானியப் பெண்கள் பற்றிய புனைகதைகள் என்று அட்டையிலேயே சொல்லிவிட்ட புத்தகம். தொகுத்தவர்கள் பார்பரா சம்மர்ஹாக், கிம்பர்லி ஹியூஸ். வெளியிட்டது அமெரிக்காவில் நியூ விக்டோரியா என்ற சின்னப் பெண்ணியப் பதிப்பகம். ஆண்–ஆண் காதலை மையமாகக் கொண்ட ஜப்பானிய இலக்கியத் தொகுப்பு ஆங்கிலத்தில் 1996இலேயே வந்துவிட்டது. பெண்களுக்கு இன்னும் 12 ஆண்டு காத்திருக்க வேண்டியிருந்தது.

சின்னப் பதிப்பகம் என்பதற்கு ஒரு விலை உண்டு. பெரிய பத்திரிகைகளில் மதிப்புரை வராது, விமான நிலையக் கடைகளில் இருக்காது, முதல் அச்சு தீர்ந்தால் அடுத்த அச்சு சந்தேகம். இன்றைக்கு அந்தப் புத்தகத்தை வாங்க நினைப்பவர் பழைய புத்தகத் தளங்களில்தான் அலைய வேண்டியிருக்கும்.

சிறுகதை என்ற வடிவமே இங்கே ஒரு தடை. ஜப்பானில் இலக்கியம் பிறப்பது மாத இதழ்களில். 'குன்சோ', 'பூங்காக்குகாய்', 'ஷின்சோ' போன்ற இதழ்களில் வரும் சிறுகதையும் குறுநாவலும்தான் அகுதகவா பரிசுக்கே போட்டியிடுகின்றன. ஆங்கிலப் பதிப்பாளர் கேட்பதோ நாவல். சிறுகதைத் தொகுப்பு விற்காது என்பது அவர்களுடைய நம்பிக்கை. நாற்பது பக்கக் கதை பத்திரிகைக்குப் பெரிது, புத்தகத்துக்குச் சிறிது. அப்படியே நின்றுவிடும். 2018இல் முராதா சயாகாவின் 'கன்வீனியன்ஸ் ஸ்டோர் வுமன்' ஆங்கிலத்தில் சக்கைப்போடு போட்ட பிறகுதான், ஒல்லியான ஜப்பானியப் புத்தகங்களுக்கு மவுசு வந்தது. அந்த மவுசிலும் பாதியைப் பூனையும் காபிக்கடையும் எடுத்துக்கொண்டன என்பது வேறு கதை.

காமிக்ஸ் பக்கம் நிலைமை தலைகீழ். பெண்–பெண் காதலைச் சொல்லும் வகைக்கு ஜப்பானில் 'யூரி' என்று பெயர். லில்லிப் பூ. 1970களில் ஆண் தன்பால் ஈர்ப்பாளர்களுக்கான 'பராஸோகு' இதழின் ஆசிரியர், பெண் வாசகர்களை 'லில்லி இனம்' என்று குறிப்பிட்டதிலிருந்து வந்த சொல். யூரி மங்கா இன்று ஆங்கிலத்தில் குவிகிறது. நகாதா காபி தன் சொந்தத் தனிமையைப் பற்றி வரைந்த 'மை லெஸ்பியன் எக்ஸ்பீரியன்ஸ் வித் லோன்லினெஸ்' 2018இல் ஹார்வி விருது வாங்கியது. ஜப்பானின் 'எஸ்-எஃப் மேகஸின்' 2019இல் யூரி சிறப்பிதழ் போட்டபோது, கடைக்கு வருவதற்கு முன்பே மறு அச்சு போடும் அளவுக்கு முன்பதிவு குவிந்தது. வாசகர் இல்லை என்று இலக்கியப் பதிப்பாளர்கள் சொன்னால் அதை நம்பத் தேவையில்லை.

பேயும் காதலியும்

இந்த அலமாரியில் சமீபத்தில் சேர்ந்ததில் சிறந்தது எது என்று கேட்டால், மட்சுதா ஆவோகோவின் 'ஹினா-சான்' என்று தயங்காமல் சொல்லலாம். 'வேர் தி வைல்ட் லேடீஸ் ஆர்' என்ற தொகுப்பில் இருக்கிறது. போலி பார்ட்டன் மொழிபெயர்ப்பு, 2020. அடுத்த ஆண்டே உலக ஃபேன்டஸி விருது வாங்கிய புத்தகம்.

இதற்கு அடியில் ஒரு பழைய ரகுகோ கதை இருக்கிறது. ரகுகோ என்றால் ஒரே ஆள் மேடையில் உட்கார்ந்து, எல்லாப் பாத்திரத்தின் குரலிலும் பேசிச் சிரிக்கவைக்கும் ஜப்பானியக் கலை. அந்தக் கதையில், மீன் பிடிக்கப் போகும் ஒருவன் தூண்டிலில் ஒரு மண்டையோடு சிக்குகிறது. பாவம் பார்த்து ஈமச் சடங்கு செய்கிறான். அன்று இரவு ஓர் அழகி நன்றி சொல்ல வருகிறாள், அந்த எலும்புக்கு உரியவள். பக்கத்து வீட்டுக்காரன் பொறாமைப்பட்டுத் தானும் தூண்டில் போடுகிறான். வந்து நிற்பது இஷிகாவா கோயெமொன் என்ற பிரபலக் கொள்ளைக்காரனின் ஆவி. அரங்கமே சிரிக்கும்.

மட்சுதா செய்தது ஒரு சின்ன மாற்றம். மீன் பிடிக்கப் போனவர் பெண். எலும்புக்கூடு டோக்கியோ ஓரத்தில் ஓடும் தாமா ஆற்றில் கிடைக்கிறது. இரவில் ஹினா-சான் வருகிறாள். இருவரும் காதலிகள் ஆகிறார்கள். இதற்கு விளக்கம் கிடையாது, அதிர்ச்சி கிடையாது, வீட்டில் எப்படிச் சொல்வது என்ற நெஞ்சடைப்பு கிடையாது. கதையில் விசித்திரம் பேய்தான், காதல் இல்லை. நோபுகோவின் காலத்தில் அச்சிட முடியாத ஒரு சாதாரணத்தன்மை இங்கே சர்வசாதாரணமாக வந்து உட்கார்ந்திருக்கிறது. வேடிக்கை என்னவென்றால், புத்தகம் 'பெண்ணியப் பேய்க்கதைகள்' என்றுதான் பேசப்பட்டது. லெஸ்பியன் கதை என்று தேடுபவருக்கு இது தேடலில் சிக்காமலே போகலாம்.

முராதாவின் 'லைஃப் செரிமனி' தொகுப்பில் இருக்கும் 'டூஸ் ஃபேமிலி' இதன் மறுபக்கம். ஜின்னி டாப்லி டேக்கெமோரி மொழிபெயர்ப்பில் 2022இல் வந்தது. பள்ளிக் காலம் முதல் தோழிகளான இருவர், கல்யாணம் ஆகாவிட்டால் சேர்ந்து வாழலாம் என்று பேசிவைத்து, அப்படியே செய்கிறார்கள். தானம் பெற்ற விந்தணு மூலம் குழந்தைகள் பெற்று வளர்க்கிறார்கள். இப்போது எழுபதைத் தொட்ட வயது. ஒருவர் மருத்துவமனையில், மற்றவர் பார்க்க வருகிறார். இவர்கள் காதலிகள் இல்லை. வெளியே இருப்பவர்கள்தான் அப்படியோ என்று நினைக்கிறார்கள். கறாராகப் பார்த்தால் இந்தப் பட்டியலில் இதற்கு இடம் இல்லை. ஆனால் 1957இன் அந்தத் தத்துப் பத்திரத்தை நினைத்துக்கொண்டு படித்தால் கதை வேறு மாதிரி வலிக்கும். சட்டத்துக்குத் தெரிந்த குடும்பம் எது, மருத்துவமனைக் கட்டிலுக்குப் பக்கத்தில் இருக்கும் குடும்பம் எது?

அந்தக் கேள்வி இன்னும் தீரவில்லை. டோக்கியோவின் ஷிபுயா வட்டாரம் 2015இல் தன்பால் இணையருக்குச் சான்றிதழ் தரத் தொடங்கியது. பிறகு நூற்றுக்கணக்கான உள்ளாட்சிகள் பின்தொடர்ந்தன. திருமண மறுப்பு அரசியலமைப்புக்கு முரண் என்று சப்போரோ மாவட்ட நீதிமன்றம் 2021இல் சொன்னது. ஆனால் நாடு தழுவிய திருமணச் சட்டம் மாறவில்லை.

வந்தாளா, வந்தாரா?

மொழிபெயர்ப்பில் ஒரு நுட்பம், தமிழ் தெரிந்தவருக்கு இது சட்டென்று புரியும். ஜப்பானிய வாக்கியத்துக்கு எழுவாய் வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. வினையில் ஆண்பால், பெண்பால் கிடையாது. 'கொய்பிதோ' என்றால் காதலிக்கும் ஆள், ஆணாகவும் இருக்கலாம், பெண்ணாகவும் இருக்கலாம். கதையில் பாதி தூரம்வரை காதலிப்பது யாரை என்று சொல்லாமலே ஓர் எழுத்தாளரால் போக முடியும். வேலை பார்க்கும் இடத்தில் 'என் ஆள்' என்று பொதுவாகச் சொல்லிச் சமாளிக்கும் பெண் மாதிரி. ஆங்கிலம் 'ஷீ'யா 'ஹீ'யா என்று இரண்டாவது வாக்கியத்திலேயே கேட்டுவிடும். தமிழில் 'வந்தாள்' என்றால் அங்கேயே திரை விலகிவிடும். ஆனால் தமிழுக்கு ஒரு தப்பிக்கும் வழி இருக்கிறது. 'வந்தார்'. மரியாதை என்ற பெயரில் பாலை மறைத்துவிடலாம்.

இன்னொரு விநோதம். ஜப்பானிய மொழியில் 'கனோஜோ' என்றால் 'அவள்'. அதே சொல்லுக்கு 'காதலி' என்ற அர்த்தமும் உண்டு. இந்தச் சொல் பிரபலமானதே 19ஆம் நூற்றாண்டில், ஐரோப்பிய மொழிகளின் 'அவள்' என்ற சுட்டைப் பெயர்க்கத் தேவைப்பட்டபோது. ஒரு பெண் இன்னொரு பெண்ணைக் 'கனோஜோ' என்று சொல்லும்போது அது வெறும் சுட்டுப்பெயரா, உரிமையா? மூலத்தில் இரண்டுமாக இருக்கும். ஆங்கிலத்தில் ஒன்றைத் தேர்ந்தெடுத்தாக வேண்டும். பெரும்பாலான சமயம் தோற்பது உரிமைதான்.

மொழிக்கு வெளியிலிருந்து வந்து எழுதுபவர் இதை வேறு மாதிரிக் கையாள்கிறார். தைவானில் 1989இல் பிறந்து, வளர்ந்த பிறகு ஜப்பானிய மொழியில் எழுதவந்த லி கொதோமி, 2021இல் அகுதகவா பரிசு வாங்கினார். அவருடைய 'சோலோ டான்ஸ்' என்ற சிறு நாவல் 2022இல் ஆர்தர் ரெய்ஜி மாரிஸ் மொழிபெயர்ப்பில் வந்தது. டோக்கியோ அலுவலகத்தில் வேலை பார்க்கும் தைவான் பெண். மதிய உணவு இடைவேளையில் கல்யாணம், குழந்தை என்று சக ஊழியர்கள் பேசும்போது வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்திருப்பவள். ஐடி கம்பெனி கேன்டீனில் உட்கார்ந்து படித்தால் இடம் மாறியதே தெரியாது. இது சிறுகதை இல்லை, இருட்டும் அதிகம், கடந்த கால வன்முறை ஒன்று கதை முழுக்கத் தொடர்கிறது. முதல் புத்தகமாக எடுக்க வேண்டாம்.

முதலில் எடுக்க வேண்டியது 'ஹினா-சான்'. வேலைக்குப் போகும் மின்சார ரயில் பயணத்திலேயே முடித்துவிடலாம். அதன்பிறகு 'யெல்லோ ரோஸ்', போனிலேயே படிக்கக் கிடைக்கும் மின்னூல். அலங்கார நடை முதல் சில பக்கம் திகட்டும், பொறுத்துக்கொண்டு போனால் அந்தப் பெற்றோர் வரும் இடம் பிடித்து உட்காரவைத்துவிடும். தனிஸாகியைக் கடைசியில் வைத்துக்கொள்ளலாம். நோபுகோவைப் படித்துவிட்டுக் 'குயிக்சாண்ட்' போனால், அதில் பேசும் ஒசாகா பெண்ணின் குரலில் எவ்வளவு அவளுடையது, எவ்வளவு அவளைக் கேட்டுக்கொண்டிருக்கும் அந்த ஆண் எழுத்தாளருடையது என்று பிரித்துப் பார்க்க முடியும்.